சால்மோனெல்லா கிருமி உடலுக்குள் போய் எப்படி நோயை உண்டாக்குகிறது?

சால்மோனெல்லா என்பது கோழி இறைச்சி, முட்டை வழியாக அதிகம் பரவும் பாக்டீரியா. காப்பிக்கடையில் அரைவேக்காட்டு முட்டையை ஆசையாகச் சாப்பிடும் சிங்கப்பூர்க்காரர்கள் இதைத் தெரிந்துகொள்வது ரொம்ப முக்கியம்.

வயிற்று அமிலத்தில் நிறைய கிருமிகள் செத்துவிடும். தப்பியவை குடலை அடைந்ததும், நுண்ணிய ஊசி போன்ற உறுப்பால் குடல் செல்லுக்குள் தங்கள் புரதங்களைச் செலுத்தும். உடனே செல்லின் மேற்புறம் அலையலையாக மடிந்து, கிருமியைத் தானே உள்ளே இழுத்துக்கொள்ளும். வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டில் திருடன் பூட்டை உடைக்காமல், வீட்டுக்காரரையே கதவைத் திறக்க வைப்பது மாதிரி.

அப்புறம் நடப்பதுதான் இதன் உண்மையான வீரியம். கிருமிகளை விழுங்கி அழிக்க வேண்டிய வெள்ளணுவுக்குள்ளேயே இது ஒரு குமிழியில் பதுங்கிப் பெருகும். காவலாளியின் அறையிலேயே திருடன் குடியிருக்கிறான்! உடல் எதிர்த்துப் போராடும்போது குடல் அழன்று, 6 மணி நேரம் முதல் 3 நாள்களுக்குள் வயிற்றுப்போக்கு, காய்ச்சல், வயிற்றுவலி வரும்.

குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால் கிருமி செத்துவிடும் என்று பலர் நம்புகிறார்கள். சரியில்லை, குளிரில் அது பெருகாமல் காத்திருக்கும், உணவின் உட்பகுதி 75 டிகிரி செல்சியஸ் வரை சூடானால் செத்துவிடும்.