நெடி போனால் போதுமா?

புது யோகா மேட்டைப் பிரித்ததும் தலைவலிக்கும் அளவுக்கு நெடி. திருப்பிக் கொடுத்துவிடலாமா?

நாலைந்து நாள் நிழலில், காற்றோட்டமான இடத்தில் விரித்துப் போட்டுப் பாருங்கள். அப்படியும் தலை வலித்தால் தயங்காமல் திருப்பிக் கொடுங்கள். ஆனால் நெடி போனதும் கவலை தீர்ந்தது என்று மட்டும் நினைக்காதீர்கள். பல மேட்டுகள் பிவிசி பிளாஸ்டிக்கில் செய்தவை. பிவிசி இயல்பில் விறைப்பானது. தண்ணீர்க் குழாய் செய்கிறார்களே, அதே பிளாஸ்டிக்தான். அதைச் சுருட்டும்படி ஆக்குவது அதில் கலக்கும் மென்மையாக்கிகள். அவற்றில் நெடுங்காலம் புழங்கியவை தாலேட்டுகள். இவை பிளாஸ்டிக்கோடு வேதிப்பிணைப்பில் இருப்பதில்லை. மெல்ல மெல்லக் கசிந்து தூசியிலும் தோலிலும் சேரும். வாடையோ அனேகமாக இருக்காது! டிஇஎச்பி என்ற தாலேட் கருவளத்தையே பாதிக்கக்கூடியது. அதனால்தான் ஐரோப்பிய ஒன்றியத்தில் அது உள்ளிட்ட 4 தாலேட்டுகள், பெரும்பாலான நுகர்பொருட்களில், சேர்ந்து 0.1 சதவீதத்தை எட்டக்கூடாது என்ற விதி 2020 ஜூலையில் வந்தது. வாங்கும்போது தடிமனையும் நிறத்தையும் பிறகு பாருங்கள். எதில் செய்தது என்பதை முதலில் கேளுங்கள்.

சரி, பிவிசி வேண்டாம். டிபிஇயா, இயற்கை ரப்பரா?

என் கை ரப்பருக்குத்தான் போகும். கனம் அதிகம், கந்தக வாடை கொஞ்ச நாள் இருக்கும், வெயிலில் போட்டால் வெடிப்பு விழுந்துவிடும். ஆனாலும் அது என்ன பொருள் என்று தெரிகிறது. டிபிஇ என்பது ஒரு பொருளின் பெயரல்ல, ரப்பர்போல வளையும் பிளாஸ்டிக்குகளின் குடும்பப் பெயர். தாலேட் இல்லாமலே மென்மையாகச் செய்ய முடியும் என்பது அதன் நல்ல குணம். முழுக் கலவை என்ன என்பது அட்டையில் இருக்காது. தீங்கான வேதிப்பொருட்களுக்கான ஓகோ-டெக்ஸ் ஸ்டாண்டர்ட் 100 போன்ற சோதனைச் சான்று எண்ணோடு இருந்தால் தாராளமாக வாங்கலாம். ‘இயற்கைக்கு உகந்தது’ என்ற வெறும் வாசகத்தை நம்ப வேண்டாம்.

எனக்கு லேட்டக்ஸ் ஒவ்வாமை உண்டு. கார்க் மேட் சரியா?

அடிப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள், பல கார்க் மேட்டுகளுக்கு அடியில் இயற்கை ரப்பர்தான். அது லேட்டக்ஸிலிருந்து வருவது. உங்களுக்குப் பருத்தி விரிப்போ சான்று பெற்ற டிபிஇயோ போதும்.

நான் பயிற்சி செய்யும், ஈவிஏ என்ற பிளாஸ்டிக் நுரைத் துண்டுகளைக் கோத்து விரிக்கும் புதிர் மேட்டில்தான் குழந்தையும் தவழ்கிறாள்...

இதில் கொஞ்சம் கவனம் வேண்டும். ஈவிஏ நுரையைப் பொங்க வைக்கும்போது ஃபார்மமைடு என்ற நச்சு வேதிப்பொருள் உருவாகித் தங்கிவிடலாம். இந்தக் காரணத்துக்காகவே 2010-இல் பெல்ஜியம் இவ்வகைப் புதிர் மேட்டுகளை விற்பனையிலிருந்து விலக்கியது. சோதனைச் சான்று இல்லாததாக இருந்தால் குழந்தைக்குத் தடித்த பருத்தி விரிப்பைத் தனியாகப் போட்டுவிடுங்கள். துகள் உதிரத் தொடங்கிய பழைய மேட்டையும் தாமதிக்காமல் அப்புறப்படுத்துங்கள். தவழும் பிள்ளை கையில் ஒட்டியது நேராக வாய்க்குத்தான் போகும்.