சீன அனிமேஷனில் குரங்கு அரசன் ஏன் திரும்பத் திரும்ப வருகிறான்?

அனிமேஷனைச் சீனர்கள் 'தோங்ஹுவா' என்பார்கள். அசையும் படம் என்று பொருள். பழங்கதையில் வரும் குரங்கு அரசன் சுன் வுகோங் அதற்கென்றே பிறந்தவன் மாதிரி. 72 வகையாக உருமாறுவான். எர்லாங் என்ற தேவன் துரத்தும்போது கோயிலாகவே மாறிவிடுவான்: வாய் வாசல், கண்கள் ஜன்னல். வாலை மட்டும் மறைக்க வழியில்லாமல் பின்பக்கம் கொடிமரமாக நிறுத்திவைப்பான், எர்லாங் கண்டுபிடித்துவிடுவான். எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இது. நடிகரின் உடம்பால் முடியாததை வரைந்த கோடு செய்துவிடும், ஒரே மாவு உருண்டையைக் குழந்தை கிளியாகவும் மீனாகவும் பிசைகிற மாதிரி. 1941-ல் சீன அனிமேஷனின் முன்னோடிகளான வான் சகோதரர்கள் ஷாங்காயில் எடுத்த 'இரும்பு விசிறி இளவரசி' என்ற அனிமேஷன் படத்திலும் இவன் இருக்கிறான்.

அப்புறம், சீன அனிமேஷனே ஜப்பானைப் பார்த்து வந்தது என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் ஜப்பானின் புகழ்பெற்ற காமிக்ஸ், அனிமேஷன் படைப்பாளி தெசுகா ஒசாமுவே சிறுவயதில் அந்த 'இரும்பு விசிறி இளவரசி'யைப் பார்த்து உந்துதல் பெற்றவர்.