வாசகர் கேள்வி – பதில்: ரஷ்யாவின் மலைகள், எரிமலைகள்

ஐரோப்பாவின் உயரமான சிகரம் எல்பிரஸா, மோன் பிளாங்கா? தேர்வில் எதை எழுதுவது?
– மாணவி, தேனி

எல்லைக்கோட்டை எங்கே போடுகிறார்கள் என்பதைப் பொறுத்தது. காக்கசஸ் மலைத்தொடரின் முகட்டை எல்லையாகக் கொண்டால், அதற்குச் சற்று வடக்கே நிற்கும் எல்பிரஸ் (5,642 மீ.) ஐரோப்பாவுக்குள் வரும். காக்கசஸுக்கு வடக்கேயுள்ள கூமா–மானிச் தாழ்நிலம்தான் எல்லை என்பவர்களுக்கு அது ஆசிய மலை; அவர்களுக்கு ஐரோப்பாவின் உச்சி ஆல்ப்ஸ் மலையின் மோன் பிளாங். இப்போது பெரும்பாலோர் முகட்டையே ஏற்கிறார்கள். எல்பிரஸ் என்றே எழுதுங்கள்.

எல்பிரஸ் ஏறுவது சுலபம் என்கிறார்களே, பிறகு ஏன் சாவுகள்?
– வாசகர், கோவை

தெற்குப் பக்கச் சரிவு செங்குத்தானதல்ல. கேபிள் காரிலேயே சுமார் 3,800 மீட்டர் வரை போய்விடலாம். வினையே அங்குதான். மெல்லிய காற்றுக்கு உடம்பு பழகுமுன் மேலே போனால் தலைவலி, வாந்தி, தள்ளாட்டம், கடைசியில் மூளையிலோ நுரையீரலிலோ நீர்க்கோப்பு. பகலில் 4,700 மீட்டரை ஒட்டிய பாஸ்துகோவ் பாறைகள் வரை ஏறிவிட்டு, கீழே இறங்கித் தூங்க வேண்டும். சில நாள் இப்படிப் பழகியபின், நள்ளிரவு தாண்டியதும் சிகரத்துக்குக் கிளம்புவார்கள்; மதியத்துக்குள் திரும்பிவிட வேண்டும். மேகம் சூழ்ந்தால் வெண்மையில் தடம் மறையும்; தடம் விலகினால் பனிப்பிளவுதான்.

ரஷ்யாவின் கிழக்குக் கோடித் தீபகற்பமான கம்சட்காவின் கிளுச்செவ்ஸ்காயா எரிமலைக்குப் புத்தகத்துக்குப் புத்தகம் ஓர் உயரம். எது சரி?
– ஆசிரியர், திருநெல்வேலி

அளந்த ஆண்டுக்கு எல்லாமே சரியாக இருக்கலாம். வெடிப்பில் விழும் சாம்பலும் குழம்பும் வாயைச் சுற்றிக் குவிந்து கூம்பை உயர்த்தும். அடுத்த வெடிப்பு விளிம்பைச் சரிக்கும். 4,750 மீட்டர் என்றும் காண்பீர்கள், 4,800-ஐத் தாண்டியும் காண்பீர்கள். பாடம் நடத்தும்போது ‘சுமார்’ போட்டுவிடுங்கள்.

பக்கத்திலுள்ள பெசிமியானியைப் பாருங்கள். அணைந்துபோனது என்று ஒதுக்கப்பட்ட மலை, 1955 அக்டோபரில் விழித்தது. உள்ளே ஏறிய குழம்பு ஒரு பக்கத்தைப் புடைக்கச் செய்ய, 1956 மார்ச் 30 அன்று அந்தப் பக்கமே சரிந்து பக்கவாட்டில் வெடித்தது. உச்சியில் ஏறத்தாழ 200 மீட்டர் போயிற்று. 1980-இல் அமெரிக்காவின் செயின்ட் ஹெலன்ஸ் வெடித்ததும் இதே விதத்தில்தான்.

யூரல் மலையில் ஏன் எரிமலை இல்லை?
– வாசகர், சேலம்

கம்சட்காவுக்கு அடியில் பசிபிக் கடலடியின் பாறைத் தட்டு ஆண்டுக்கு 8 செ.மீ. அளவில் புதைகிறது, அது விடும் நீர் மேலுள்ள பாறையை உருக்குகிறது. யூரலை எழுப்பிய தட்டுகளின் மோதல் 20 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே ஓய்ந்துவிட்டது. தேய்ந்து தேய்ந்து, அதன் உச்சியான நரோத்னயாவே இன்று 1,895 மீட்டர்தான். நம் தொட்டபெட்டா அதைவிட உயரம்.