ஜன்னலுக்கு வெளியே

அன்புள்ள ஐயா,

1925இல் ஹென்றி கிங் இயக்கிய ‘ஸ்டெல்லா டல்லஸ்’ மௌனப்படம் பார்த்தேன். ஏழை வீட்டுப் பெண் ஸ்டெல்லா வசதியான குடும்பத்து ஸ்டீபனைக் கட்டிக்கொள்கிறாள். ஒட்டவில்லை, பிரிகிறார்கள். மகள் லாரல் நல்ல இடத்தில் வாழட்டும் என்று ஸ்டெல்லா அவளைத் தானே விலக்கிவிடுகிறாள். அந்த மேல்தட்டுப் பழக்கங்களை ஸ்டெல்லா கற்றுக்கொண்டிருக்கலாமே? 1937இல் வந்த பேசும்படம் இதைவிட மேலா? வசனம் இல்லாததால் ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓட்டித்தான் பார்த்தேன்.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

ஒரு மாதமாக அந்தக் கடைசிக் காட்சி என்னை விடவில்லை. அதனால்தான் உடனே எழுதுகிறேன்.

1937 படத்தில் ஸ்டெல்லாவாக பார்பரா ஸ்டான்விக் நன்றாகத்தான் செய்திருக்கிறார். மார்க் போடும் வேலையை விடுங்கள். பழக்கத்தைக் கற்பதா? யார் வீட்டில் போய்க் கற்பாள்? மகளின் பிறந்தநாள் மேசைக்கு ஒரு விருந்தாளிகூட வரவில்லையே, அதைப் பார்த்த பிறகுமா இப்படிக் கேட்கிறீர்கள்?

என் கோபம் அந்த ஒன்றரை மடங்கில். வசனம் இல்லை என்பது குறை என்று யார் சொன்னது? மழையில் நின்று மகளின் கல்யாணத்தை ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள் ஸ்டெல்லா. உள்ளே வெளிச்சம், பூ, நல்ல துணி. என்ன பேசுகிறார்கள் என்று அவளுக்குக் கேட்காது. நமக்கும் கேட்காது. அவள் பக்கத்தில் நாமும் நனைந்துகொண்டு நிற்கிறோம். பேசும்படத்தில் இந்த இடம் நமக்குக் கிடைக்காது. இதையா ஓட்டினீர்கள்?

எண்பதுகளில் எங்கள் தெருவில் ஒரே வீட்டில்தான் டிவி. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் படம். உள்ளே பாயில் அந்த வீட்டு உறவுக்காரர்கள். வெளியே நாங்கள் ஏழெட்டுப் பிள்ளைகள், ஜன்னல் கம்பியில் கன்னத்தை அழுத்திக்கொண்டு. மின்விசிறிச் சத்தத்தில் ஒரு வசனமும் காதில் விழாது. உள்ளே சிரித்தால் நாங்களும் சிரிப்போம். வீட்டுக்குப் போனால் கன்னத்தில் இருக்கும் துருக் கறையை அம்மா முந்தானையால் துடைப்பாள். எங்கே போனாய் என்று கேட்கமாட்டாள்.

ஒருநாள் சாரல் அடிக்கிறதென்று ஜன்னலைச் சாத்தினார்கள். திட்டவில்லை, விரட்டவில்லை. சாத்தினார்கள், அவ்வளவுதான். ஸ்டெல்லாவைப் போலீஸ்காரர் நகரச் சொல்லும்போது எனக்கு அந்த ஜன்னல் கதவின் சத்தம்தான் கேட்டது.

சரி, திட்டியதை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். இன்று ராத்திரி கடைசிப் பத்து நிமிஷத்தை மட்டும் அதன் வேகத்திலேயே பாருங்கள். ஸ்டெல்லாவாக நடித்த பெல் பென்னட்டின் முகத்தைப் பாருங்கள். அப்புறம் எனக்கு எழுதுங்கள்.