16 எம்எம் ஃபிலிம் சுருளை லேபுக்கு அனுப்பாமல் வாளியிலேயே கழுவ (டெவலப் செய்ய) முடியுமா?

முடியும், கறுப்பு-வெள்ளைச் சுருளாக இருந்தால். கலர் நெகட்டிவில் ரெம்ஜெட் என்ற கரிப்பூச்சு பின்புறம் இருந்தால் அது கரைந்து எல்லாவற்றிலும் அப்பிக்கொள்ளும், அந்தப் பக்கமே போகாதீர்கள். பரிசோதனை ஆவணப்படக்காரர்களுக்கு இது பழகிய முறைதான். கனடாவின் ஒன்டாரியோவில் ஃபிலிப் ஹாஃப்மன் 1994இல் தொடங்கிய ஃபிலிம் ஃபார்ம் பட்டறையில் பண்ணைக் கொட்டகையே இருட்டறை.

படத்தை வெளிக்கொண்டுவரும் கரைசலான டெவலப்பருக்கு, காபித் தூளில் கலக்கும் காஃபினால் போதும். 1995இல் அமெரிக்காவின் ரோசெஸ்டர் தொழில்நுட்பக் கழகத்தில் ஸ்காட் வில்லியம்ஸும் மாணவர்களும் உருவாக்கியது. இன்று பரவலாகப் புழங்கும் அளவு, ஒரு லிட்டர் தண்ணீருக்கு: நீரற்ற சலவைச் சோடா 54 கிராம், வைட்டமின் சி தூள் 16 கிராம், இன்ஸ்டன்ட் காபி 40 கிராம். போடும் வரிசையும் இதுதான். ஒவ்வொன்றும் முழுக்கக் கரைந்த பிறகே அடுத்தது. வைட்டமின் சி போடும்போது நுரைக்கும். ஆப்ப சோடா உதவாது, அதன் காரத்தன்மை போதாது. காபியில் வேலை செய்வது காஃபீன் இல்லை, காஃபியிக் அமிலம். நம்மூரில் சிக்கரி கலந்த தூள்தான் அதிகம் கிடைக்கிறது. உறையில் 100 சதவீதம் காபி என்று இருப்பதைப் பார்த்து வாங்குங்கள்.

100 அடிச் சுருளை மொத்தமாக வாளியில் போட வேண்டாம். 50 அடியாக வெட்டி, 4 லிட்டர் கரைசலில் தளர்வாகப் பிரித்துவிட்டு, கையுறை போட்ட கையால் 15 நிமிடமும் நிறுத்தாமல் அளையுங்கள். கோடாக்கின் ட்ரை-எக்ஸ் என்ற கறுப்பு-வெள்ளைச் சுருளுக்கு முழு இருட்டு வேண்டும். கோடாக் 7363 போன்ற ஹை-கான்ட்ராஸ்ட் (கறுப்பும் வெள்ளையும் அழுத்தமாகப் பிரியும்) சுருளைச் சிவப்பு விளக்கில் கையாளலாம், பழகுவதற்கு அதுவே நல்லது.

சென்னைக் குழாய்த் தண்ணீரில்தான் பெரும்பாலும் கெடுகிறது. அந்த 15 நிமிடக் கணக்கு 20 டிகிரிக்கு உரியது. 30 டிகிரியில் படம் மூட்டமாகக் கறுக்கும், ஜெலட்டின் இளகி நகம் பட்ட இடமெல்லாம் உரியும். ஐஸ் கட்டியை நேரே போட்டால் கரைசல் நீர்த்துப்போகும். பாலிதீன் பையில் கட்டி வாளிக்குள் இறக்குங்கள். கடைசியில் அலசும் தண்ணீரும் அதே குளிர்ச்சியில் இருக்கட்டும்.

பிறகு மூன்று நான்கு தண்ணீரில் அலசி, படத்தை நிலைக்கவைக்கும் ஹைப்போ ஃபிக்ஸரில் போடுங்கள். பால்போன்ற வெண்மை மறைய எவ்வளவு நேரம் ஆகிறதோ, அதைப்போல் இரண்டு மடங்கு. ஓடும் தண்ணீரில் 20 நிமிடம் கழுவி, தூசி இல்லாத அறையில் கொடி கட்டிக் காயப் போடுங்கள்.

வாளியில் கழுவினால் தடயம் விழாமல் இருக்காது, ஆனால் எது எதனால் வந்தது என்று படிக்கத் தெரிய வேண்டும். விளிம்பு கூர்மையான வெளிறிய திட்டு என்றால் டெவலப்பரில் சுருள் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கிறது. கழுவி முடித்தும் பால்நிறம் தங்கினால் ஃபிக்ஸர் சேரவில்லை. திரும்பப் போட்டால் சரியாகும். நீளவாக்கில் கீறல் என்றால் வாளியின் விளிம்பில் உரசியிருக்கிறது. சீரான மங்கல் என்றால் காபி பழசு, அல்லது சோடா படிகமாக இருந்திருக்கும். படிகச் சோடா என்றால் 54 கிராமுக்குப் பதில் சுமார் 146 கிராம் தேவை.

ஒவ்வொரு முறையும் புதுக் கரைசல் கலந்ததும் ஒரு அடி நீளத் துண்டைச் சோதித்துவிட்டே முழுச் சுருளை இறக்குங்கள். ஒரு அடியில் 40 ஃபிரேம், அதுவே போதும். ஒருவர் திரும்பச் சொல்ல முடியாத வாக்குமூலத்தை மட்டும் வாளிக்குக் கொண்டுவராதீர்கள். 100 அடி என்பது 24 ஃபிரேம் வேகத்தில் மூன்று நிமிடம்கூட இல்லை. அந்த வாக்குமூலத்தை லேபில் கொடுத்துவிட்டு, நிலம், கை, சுவர், வெளிச்சம் ஆகியவற்றை இப்படிக் கழுவுங்கள்.