ஜாஸ் டிரம்மருக்கு மென்பொருள் துறையில் என்ன இடம்?

கேள்வி: பல ஆண்டுகளாக ஜாஸ் குழுக்களில் டிரம்ஸ் வாசிக்கிறேன். இசை மென்பொருளும் எழுதுகிறேன். ஒன்றை விட்டால்தான் இன்னொன்றில் தேற முடியும் என்கிறார்கள். இரண்டையும் வைத்துப் பிழைக்க வழி உண்டா?

பதில்: உண்டு. பகலில் ஏதோ ஒரு நிறுவனத்தின் கணக்கு மென்பொருளுக்கு நிரல் எழுதிவிட்டு இரவில் மேடையேறினால், இரண்டுமே அரைகுறையாகத்தான் நிற்கும். உங்கள் கைக்குத் தெரிந்ததை நிரலுக்குள் கொண்டுபோங்கள். நன்றாக நிரல் எழுதுபவர்கள் ஏராளம். அவர்களில் தாளத்தின் நுணுக்கத்தைக் காதால் பிடிப்பவர்கள் குறைவு.

ஓர் அடியின் முதல் பாதியை நீட்டி, இரண்டாவதைக் குறுக்கி வாசிக்கும் ஸ்விங்கை எடுத்துக்கொள்ளுங்கள். டிரம் மென்பொருள்களில் அதற்குப் பெரும்பாலும் ஒரே ஒரு சதவீத அளவுதான் இருக்கும். நிமிடத்துக்கு 120 அடி என்றால் ஓர் அடியின் நீளம் 500 மில்லிவிநாடி. அதை இரண்டுக்கு ஒன்று என்று பிரித்தால் 333, 167. தாளத்தை ஓட்டிச்செல்லும் ரைடு சிம்பல் தட்டில் இது சுகமாக உட்காரும். வேகம் 300க்கு ஏறினால் அடியே 200 மில்லிவிநாடிதான். அங்கே நீங்கள் அந்த விகிதத்தைப் பிடித்துக்கொண்டிருக்க மாட்டீர்கள். இரண்டு பாதிகளும் ஏறக்குறையச் சமமாகிவிடும். யோசிக்காமலே உங்கள் கை செய்வது இது. வேகத்துக்கு ஏற்ப விகிதத்தை மாற்றும் சிறிய பிளக்இன் (இசை மென்பொருளோடு இணையும் துணை நிரல்) ஒன்றை எழுதுங்கள். வேலை கேட்டுப் போகும்போது பத்துச் சான்றிதழ்களைவிட அது அதிகம் பேசும்.

குச்சிக்குப் பதில் கம்பித் தூரிகையால் வாசிக்கும் பிரஷ் வாசிப்பு இன்னும் வளமான இடம். மின்னணு இசைக்கருவிகளும் கணினியும் பேசிக்கொள்ள 1983இல் வந்த மிடி என்ற நெறிமுறை, ஒரு தட்டின் வலுவை 1 முதல் 127 வரையிலான எண்ணாக அனுப்புகிறது. ஸ்நேர் டிரம்மில் பிரஷ் வட்டமாக உரசிக்கொண்டே போகும்போது தட்டு எங்கே தொடங்கியது, எங்கே முடிந்தது? அந்த உரசலைத் திருப்தியாகப் பிடிக்கும் மென்பொருள் அரிது. டிரம்மர் எழுத வேண்டியது அது என்று உறுதியாக நம்புகிறேன்.

முன்னோடிகள் இருக்கிறார்கள். ஃப்ரீ ஜாஸ் டிரம்மர் மில்ஃபோர்டு கிரேவ்ஸ் இதயத்துடிப்பைப் பதிவுசெய்து, கணினியில் பகுத்தாய்ந்து, அதன் தாளத்தை வாசிப்புக்குள் கொண்டுவந்தார். டிராம்போன் கலைஞர் ஜார்ஜ் லூயிஸ், உடனிருந்து மனோதர்மமாக வாசிக்கும் வாயேஜர் என்ற நிரலை 1980களிலேயே எழுதினார். டிரம்ஸில் தொடங்கிய இகுவே மோரி டிரம் இயந்திரங்களுக்கும் பிறகு மடிக்கணினிக்கும் மாறினார்.

என்ன கற்பது? யோசனைகளைச் சோதித்துப் பார்க்க, மில்லர் பக்கெட் உருவாக்கிய, இலவசமாகக் கிடைக்கும் ப்யூர் டேட்டா என்ற காட்சிவழி நிரல் மொழி போதும். விற்பனைக்குரிய பிளக்இன் என்றால் சி++ மொழியும் ஜூஸ் என்ற கட்டமைப்பும் வேண்டும். ஜூஸின் உரிம விதிகளை முதலிலேயே படித்துவிடுங்கள். ஒலியை உருவாக்கும் இழைக்குள், அதாவது நிரலில் தனித்து ஓடும் பகுதிக்குள், நினைவகம் ஒதுக்குவது, கோப்பு படிப்பது, வேறோர் இழை வைத்திருக்கும் பூட்டுக்காகக் காத்திருப்பது ஆகிய மூன்றும் கூடாது. விநாடிக்கு 48,000 ஒலி மாதிரிகள் ஓடும்போது 256 மாதிரிகள் கொண்ட பஃபரை, அதாவது ஒரு தவணைக்கான ஒலித் துண்டை, நிரப்ப உங்களுக்குக் கிடைப்பது சுமார் 5.3 மில்லிவிநாடிதான், அதற்குள் முடிக்காவிட்டால் ஒலி அறுபடும். தட்டுவதற்கும் ஒலி கேட்பதற்கும் இடையிலான தாமதம் ஒரே சீராக இருந்தால் கை பழகிக்கொள்ளும். அடிக்கு அடி மாறினால் எந்த டிரம்மராலும் அதோடு வாசிக்க முடியாது. இதை உணர்ந்து சோதிக்கத் தெரிந்தவர் என்பதே உங்கள் தகுதி.

கால அட்டவணைதான் உண்மையான தலைவலி. மென்பொருள் வெளியீட்டுத் தேதியும் இசைப்பயணமும் மோதிக்கொள்ளும். ஆகவே முழுநேர வேலையைவிட, முடிவுத்தேதி தெளிவாக உள்ள ஒப்பந்தப் பணிகளே உங்களுக்குப் பொருந்தும் என்பது என் கருத்து. காதுகளையும் காத்துக்கொள்ளுங்கள், இரண்டு தொழிலும் அவற்றை நம்பித்தான் இருக்கின்றன. 100 டெசிபல் ஒலியில் பாதுகாப்பின்றி இருக்க அமெரிக்கத் தொழில்சார் நல ஆய்வு நிறுவனமான நியோஷ் பரிந்துரைக்கும் வரம்பு நாளுக்கு 15 நிமிடம்தான். பயிற்சியின்போதும் காதடைப்பான் அணியுங்கள்.

கடைசியாக, ஒப்பந்தம். பணிக்காலத்தில் நீங்கள் எழுதும் நிரல் அனைத்தும், வீட்டில் எழுதியதுகூட, நிறுவனத்துக்கே சொந்தம் என்று சில ஒப்பந்தங்களில் ஒரு வரி இருக்கும். கையெழுத்திடுவதற்கு முன், ஏற்கெனவே எழுதியவற்றின் பட்டியலைப் பின்னிணைப்பாகச் சேர்க்கச் சொல்லுங்கள்; மேடைக்காக எழுதும் நிரல்களுக்கு விலக்கையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.