கேள்வி–பதில்

கே: எங்கள் ஊர்த் திருவிழா நாடகத்தில் ஒற்றன் வந்தாலே கூட்டம் விசிலடிக்கும். அந்தக் காலத்து ஆஸ்திரேலியாவிலும் இப்படி மேடையேற்றினார்களா?
– வாசகர், தொண்டி

ப: ஏற்றினார்களே! 1909-ல் மெல்போர்னில் ராண்டால்ஃப் பெட்ஃபோர்ட் எழுதிய 'ஒயிட் ஆஸ்திரேலியா' ('வெள்ளை ஆஸ்திரேலியா') நாடகம் நடந்தது. ஆளில்லாத வடகரை வழியாக ஜப்பான்காரன் நுழைந்துவிடுவான் என்ற பீதிதான் கதை, பெயரே சொல்கிறது, இனவெறியும் தூக்கல். வேடிக்கை என்னவென்றால், முதல் உலகப் போரில் ஜப்பான் நம் அணி என்று ஆகிவிட, 1914 நவம்பரில் ஆஸ்திரேலியச் சிப்பாய்கள் ஏறிய கப்பல்களுக்குக் காவலாக வந்ததே ஜப்பானின் 'இபுகி' போர்க்கப்பல்தான். அதே அணியிலிருந்து பிரிந்துபோன 'சிட்னி' கப்பல்தான், சென்னையில் குண்டு போட்ட ஜெர்மன் போர்க்கப்பல் எம்டனை இந்தியப் பெருங்கடலின் கோகோஸ் தீவருகே முடித்தது. உங்கள் பழைய பாம்பன் ரயில் பாலத்துக்கு அப்போது ஒரு வயதுகூட ஆகவில்லை. அப்புறம், உங்கள் நாடக ஒற்றனையும் 'சரியான எம்டன்' என்றுதானே திட்டுகிறார்கள்?